வார்த்தைக்கு முன் வந்த குரல்

1971-ஆம் வருஷம் நவம்பர் மாதத்தில் ஒரு விடியற்காலை, பாரிஸ் நகருக்குத் தெற்கே இருக்கும் ஓர்லி விமான நிலையத்தில், ஒரு தகரப் பெட்டியும் எலுமிச்சை ஊறுகாய் ஜாடியும் ஒரு பிரெஞ்சு பாஸ்போர்ட்டும் கையிருப்பாக நான் வந்து இறங்கியபோது எனக்கு வயது இருபது. புதுச்சேரி முதலியார்பேட்டையில் பிறந்து, தமிழைத் தவிர வேறு பாஷையில் கனவு கண்டறியாத ஒருவனிடம் பிரெஞ்சு பாஸ்போர்ட் எப்படி வந்தது என்று கேட்பவர்களுக்கு, என் தகப்பனார் ஒரு 'சொல்தா' என்பதே எங்கள் ஊரில் போதுமான பதில். பிரெஞ்சுப் படையில் சேர்ந்து, சைகோனிலும் வேறெங்கோவும் சிப்பாயாக இருந்துவிட்டுப் பென்ஷனோடு திரும்பியவர்களுக்கு எங்கள் ஊர் இட்ட பெயர் அது. 1962-ஆம் வருஷம் ஆகஸ்டு 16-ஆம் தேதி ஒப்பந்தம் அமலுக்கு வந்து, புதுச்சேரி சட்டப்படியும் இந்தியாவின் பகுதியானபோது, பிரெஞ்சுப் பிரஜையாகவே இருக்க விரும்புகிறவர்கள் ஆறு மாதத்துக்குள் எழுதிக் கொடுக்கலாம் என்று ஒரு வழி வைத்திருந்தார்கள். அப்பா எழுதிக் கொடுத்தார். அந்தக் கையெழுத்துத்தான் ஒன்பது வருஷம் கழித்து என்னைக் கொண்டுபோய் ஓர்லியில் தள்ளிற்று.

சார்ஸெல் என்னும் புறநகரில் இருந்த சித்தப்பா வீட்டில்தான் ஜாகை. பாரிஸ்காரர்கள் ஞாயிற்றுக்கிழமைகளில் குழந்தை குட்டிகளோடு ஓர்லிக்குப் போய், நிலையத்தின் மேல்தளத்தில் நின்றுகொண்டு விமானம் ஏறுவதையும் இறங்குவதையும் வேடிக்கை பார்க்கிற ஒரு வழக்கம் இருந்தது; எங்கள் ஊரில் சாயங்காலம் கடற்கரையில் உலாவுவது எப்படியோ அப்படி. சித்தப்பா என்னையும் ஒரு ஞாயிற்றுக்கிழமை அழைத்துப் போனார். நான் வந்து இறங்கிய இடத்தையே மேலிருந்து பார்த்தபோது, பதினைந்து நாளைக்கு முன் அங்கே நடுங்கிக்கொண்டு நின்றவன் வேறு யாரோ என்று ஒரு பிரமை உண்டாயிற்று. அந்தத் தளத்துக்கு அவர்கள் வழங்கிய பெயர் 'ழெத்தே'. அதே வார்த்தைதான் எங்கள் ஊர்க் கடற்பாலத்துக்கும். 1952-ஆம் வருஷப் புயலில் இடிந்துபோன பழைய பாலத்திலிருந்து படகேறிக் கப்பலுக்குப் போனதைப் பற்றி அப்பா ஆயிரம் தடவை சொல்லியிருப்பார். அவர் போனதும் ழெத்தே, நான் வந்ததும் ழெத்தே என்று அன்றைக்கு எனக்குத் தோன்றியது. அதை யாரிடமும் சொல்லவில்லை. சித்தப்பாவுக்கு இந்த மாதிரி விசாரங்களில் ருசி கிடையாது.

கடிதம் எழுதுவதில் அம்மாவுக்குப் பழக்கம் இல்லை. எதிர் வீட்டுக்காரர் ராணுவத்திலிருந்து திரும்பியபோது கொண்டுவந்த ஒரு டேப் ரிகார்டர் இருந்தது. ஊருக்குப் போய் வருகிறவர்கள் யாராவது கிடைத்தால், அம்மா அந்த வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து ஒரு கேஸட்டில் பேசிக் கொடுத்தனுப்புவாள். ஊறுகாயும் கருவடகமும் கேஸட்டும் ஒரே பொட்டலத்தில் வரும். சிலவற்றில் எண்ணெய் கசிந்திருக்கும். அந்த யந்திரத்தின் முன்னால் அம்மா பேசிய தமிழை நினைத்தால் இன்றைக்கும் சிரிப்பு வருகிறது. வீட்டில் ஒருநாளும் பேசியறியாத பாஷை அது. "சிரஞ்சீவி தம்பிக்கு அம்மா எழுதிக்கொள்வது, இங்கு யாவரும் நலம், அவ்விடம் உன் நலம் அறிய ஆவல்" என்று, பேசுவதையே 'எழுதிக்கொள்வதாக'ச் சொல்லிக்கொண்டு, யந்திரத்துக்குக் காது மந்தம் என்று எண்ணியவள்போல உரக்கவும், மேலதிகாரி முன்னால் நிற்பவள்போல மரியாதையாகவும் பேசுவாள். கடைசியில் "இப்படிக்கு உன் அம்மா" என்பாள். அந்த இடத்தில் நான் பொத்தானை அழுத்தி நிறுத்திவிடுவேன். கடிதம் முடிந்தபிறகு வெற்றுத் தாளை யார் படிக்கிறார்கள்?

எனக்கு ஒரு பிலிம் லாபரட்டரியில் வேலை கிடைத்தது. நெகட்டிவிலிருந்து பிரிண்ட் எடுக்கிற இருட்டறையில் உத்தியோகம். சூரியனைக் காணாமல் வேலைக்குப் போய், வேலை நேரம் முழுவதும் சூரியனுக்கு விரோதமாகவே கழித்து, சூரியன் மறைந்தபிறகு வீடு திரும்புகிற அந்த ஜீவனத்தில், ஒரு விநாடிக்கு 24 படங்கள் என்னும் கணக்கு என் இரத்தத்தில் ஊறிப் போயிற்று. நீளமான ரீலைக் கையில் எடுத்தால் எத்தனை நிமிஷம் ஓடும் என்று எடையை வைத்தே சொல்லிவிடுவேன். அங்கே என்னோடு வேலை பார்த்த வயதான ஒருவர், சினிமாவைத் தொட்டுக்கொண்டே அதைப் பார்க்காமலிருப்பது சமையற்காரன் பட்டினி கிடப்பது மாதிரி என்று கடிந்துகொண்டு, 1975-ஆம் வருஷம் ஒரு சாயங்காலம் என்னைச் 'சினிமாதேக்' என்னும் படக் காப்பகத்துக்கு இழுத்துப் போனார். அது அப்போது ஐஃபல் கோபுரத்துக்கு எதிர்க்கரையில், ஷையோ அரண்மனையில் இருந்தது. அன்றைக்குத் திரையிட்டது, கிறிஸ் மார்க்கர் என்பவர் 1962-இல் எடுத்த, 28 நிமிஷமே ஓடுகிற ஒரு படம். பெயர், 'லா ழெத்தே'.

படம் ஆரம்பித்ததும் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. திரையில் நின்றது ஓர்லி. அதே மேல்தளம், அதே ஞாயிற்றுக்கிழமை, கைப்பிடிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்கிற ஒரு சிறுபையன். அவன் அங்கே ஒரு பெண்ணின் முகத்தைப் பார்க்கிறான். ஒரு மனிதன் விழுந்து சாவதையும் பார்க்கிறான். பிறகு மூன்றாவது உலக யுத்தம் வந்து பாரிஸ் நாசமாகி, பிழைத்தவர்கள் பூமிக்கடியில் அடைபட்டுக் கிடக்கிறார்கள். எந்த இடத்தின் அடியில் என்றால், ஷையோ அரண்மனையின் அடியில்! அதே அரண்மனையின் அடித்தளத்துக் கொட்டகையில் உட்கார்ந்து இதைப் பார்த்துக்கொண்டிருந்த நான் அனிச்சையாக அண்ணாந்து கூரையைப் பார்த்தேன். கைதியாகிவிட்ட அந்தப் பையனை, அவன் மனத்தில் ஒட்டிக்கொண்டு விடாத அந்த முகத்தின் பலத்தைக் கொண்டே, கடந்த காலத்துக்கு அனுப்பிப் பரிசோதனை செய்கிறார்கள். கண்ணை மூடிக்கட்டி, ஊசி போட்டு, ஞாபகத்தையே வாகனமாக்கி அனுப்புகிறார்கள். ரதமும் இல்லை, விமானமும் இல்லை. கதையின் முடிவை நான் சொல்லப் போவதில்லை. அவன் திரும்பி வந்து சேரும் இடமும் அதே ழெத்தேதான் என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன்.

என் தொழில் புத்தியை அசைத்தது கதையல்ல. அந்தப் படத்தில் எதுவும் அசைவதில்லை. முழுவதும் ஸ்டில் போட்டோக்கள். ஒன்றன்மேல் ஒன்று கரைந்து வருகின்றன, ஒரு குரல் கதையைச் சொல்லிக்கொண்டு போகிறது. 28 நிமிஷத்துக்கு நாற்பதாயிரத்துச் சொச்சம் பிம்பங்கள் கொட்டகையின் யந்திரத்தில் ஓடுகின்றன. ஆனால் கண்ணுக்குத் தெரிபவை நூற்றுக்கணக்கான படங்களே, ஒவ்வொன்றும் பிடித்துவைத்தாற்போல நிற்கிறது. அப்படிப் போய்க்கொண்டிருக்கையில், அந்தப் பெண் படுக்கையில் உறங்குகிற படங்கள் நெருங்கி நெருங்கிக் கரைய, வெளியே பட்சிகளின் சப்தம் மேலும் மேலும் பெருக, ஒரு கணம், ஒரே ஒரு கணம், அவள் கண்ணைத் திறந்து நம்மைப் பார்க்கிறாள். இமை நிஜமாகவே அசைகிறது. அவ்வளவுதான், மறுபடி எல்லாம் நின்றுவிடுகின்றன. தினமும் மைல் கணக்கில் அசையும் படங்களை அச்சடித்துத் தள்ளுகிற எனக்கு, அசைவு என்பது ஓர் அதிசயம் என்று அதுவரை யாரும் சொன்னதில்லை. சலனப் படக் காமிரா அவருக்குச் சிறிது நேரமே இரவலாகக் கிடைத்தது என்று பிற்பாடு கேள்விப்பட்டேன். வறுமையிலிருந்து பிறந்த சிக்கனம் அது. நம்முடைய ஊர்ச் சமையற்கட்டுகளில் விசேஷப் பண்டங்கள் பலவும் அப்படிப் பிறந்தவைதாமே.

இந்த மார்க்கர் ஆசாமி யார் என்று விசாரிக்கப் போய், ஒன்றும் அகப்படவில்லை. 1921-இல் பிறந்தவர், மார்க்கர் என்பது அவராக வைத்துக்கொண்ட பெயர். பேட்டி கொடுப்பதை அநேகமாகத் தவிர்ப்பவர். போட்டோ கேட்டால் ஒரு பூனையின் படத்தை அனுப்பிவிடுவார். உலகம் முழுவதையும் படம் பிடித்தவர் தம்மைப் படம் பிடிக்க அநேகமாக ஒருவரையும் அனுமதிக்கவில்லை. ஆகையால் நாற்பது வருஷம் அதே நகரத்தில் இருந்தும் நான் அவரைப் பார்த்ததில்லை. மெத்ரோ வண்டியில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாலும் தெரிந்திருக்காது. அலென் ரெனே என்ற இயக்குநரோடு சேர்ந்து அவர் எடுத்த 'சிலைகளும் சாகின்றன' என்ற 1953-ஆம் வருஷப் படம், ஆப்பிரிக்கச் சிற்பங்களைக் கொண்டுபோய்க் கண்ணாடிப் பெட்டியில் அடைத்த காலனி ஆட்சியைக் குத்திக் காட்டியதற்காகப் பல வருஷம் தணிக்கையில் கிடந்தது. காலனியின் குழந்தையாகிய எனக்கு அந்தச் செய்தி ஒன்றே அவரிடம் ஒரு பந்துத்துவத்தை உண்டாக்கிவிட்டது.

1979-இல் அம்மா காலமானாள். தந்தி வந்து, டிக்கெட் வாங்கி, நான் போய்ச் சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. அதைப் பற்றி இங்கே எழுத வேண்டியதில்லை.

1983-இல் மார்க்கரின் 'ஸான் ஸொலெய்' வந்தது. 'சூரியனின்றி' என்று பொருள். இருட்டறைக்காரனுக்கு ஏற்ற பெயர் என்று நண்பர்கள் கேலி செய்தார்கள். ஸாந்தோர் க்ரஸ்னா என்னும் ஒரு காமிராக்காரர் உலகத்தின் பல மூலைகளிலிருந்து எழுதிய கடிதங்களை ஒரு பெண் குரல் நமக்குப் படித்துக் காட்டுகிறது. படங்கள் ஜப்பானிலிருந்து கினீ-பிஸ்ஸாவுக்கும், அங்கிருந்து கேப் வெர்டே தீவுகளுக்கும், ஐஸ்லாந்துக்கும், ஸான் பிரான்ஸிஸ்கோவுக்கும், ஞாபகம் தாவுகிற வழியிலேயே தாவுகின்றன. க்ரஸ்னா என்று ஒருவர் உண்டென்றே நான் பல காலம் நம்பிக்கொண்டிருந்தேன். அவரும் மார்க்கரே, படத்தில் வருகிற, பிம்பங்களை யந்திரத்திலிட்டு உருமாற்றும் யமனேகோ என்ற ஜப்பானியரும் மார்க்கரே. ஏமாந்ததில் எனக்கு வெட்கமில்லை. தன் ஞாபகத்தைச் சொல்ல மனிதனுக்கு நாலு பேர் தேவைப்படுகிறது.

அந்தப் படத்தின் ஆரம்பத்தைத்தான் சொல்ல வேண்டும். 1965-இல் ஐஸ்லாந்தில் ஒரு பாதையில் கைகோத்து நடக்கிற மூன்று குழந்தைகள். காற்றில் பறக்கிற வெளிர்நிறக் கூந்தல். சந்தோஷத்தின் பிம்பம் இதுதான் என்றும், இதை வேறெந்தப் படத்தோடும் ஒட்டவைக்க முடியவில்லை என்றும் கடிதக்காரர் சொல்கிறார். ஆகவே அதைத் தனியாகவே வைத்து, அதன்பின் கறுப்பு லீடரைச் சேர்த்துவிடுகிறார். திரை இருண்டு கிடக்கிறது. கறுப்பு லீடர் என்பது எங்கள் தொழிலில் மிகவும் அற்பமான வஸ்து. ரீலுக்கும் ரீலுக்கும் நடுவே ஒட்டுவதற்கும், வெட்டி எறிவதற்கும் உரியது. அதை யாரும் பார்ப்பதில்லை. அதையே ஒரு படமாக வைத்து, இதைப் பார் என்கிறாரே என்று கொட்டகை இருட்டில் எனக்கு உடம்பு சிலிர்த்தது. அதே தீவில் 1973 ஜனவரியில் எரிமலை வெடித்து, ஊர் சாம்பலில் புதைந்தது. கடைசியில் அந்தக் குழந்தைகள் மறுபடி வரும்போது, கூடவே அந்தச் சாம்பலும் வருகிறது.

இன்னோரிடத்தில், மேற்கு ஆப்பிரிக்கச் சந்தை ஒன்றில் ஒரு பெண் காமிராவைக் கவனித்துவிட்டு, கவனிக்காதவள்போல முகத்தைத் திருப்பி, விளையாட்டாக மறைந்து மறைந்து பார்த்து, கடைசியில் நேருக்கு நேராக ஒரு பார்வை பார்க்கிறாள். அந்தப் பார்வையின் ஆயுள் விநாடியில் 24-இல் ஒரு பங்கு, அதாவது ஒரு ஃபிரேம். கைப்படப் பழகிய ஆயிரக்கணக்கான ஃபிரேம்களில் எத்தனை பார்வைகளை நான் கவனியாமல் அச்சடித்து அனுப்பியிருப்பேன் என்று நினைத்துக்கொண்டேன். மார்க்கர் தேடியது இதைத்தான் என்று அன்றைக்கு எனக்குத் தெளிவாயிற்று. யந்திரத்துக்குக் காட்டுவதற்காக மனிதர்கள் வைத்துக்கொள்கிற முகம் அவருக்கு வேண்டாம். அது நழுவுகிற தருணம் வேண்டும். ஆனால் அவரிடம் இன்னொரு சம்சயமும் இருந்தது, அதுவே என்னை வதைத்தது. தாம் பிடித்த படங்களே தம் ஞாபகத்தின் ஸ்தானத்தில் வந்து உட்கார்ந்துகொண்டன என்றும், படம் பிடிக்காதவர்கள் எப்படித்தான் ஞாபகம் வைத்துக்கொள்கிறார்களோ என்றும் கடிதக்காரர் வியக்கிறார். எனக்கும் அதுதான் நேர்ந்திருந்தது. அம்மாவின் குரலை நினைத்தால், தெருக்கோடியிலிருந்து என்னைக் கூப்பிட்ட குரல் வருவதில்லை. "அவ்விடம் உன் நலம் அறிய ஆவல்" என்ற கேஸட்டுக் குரல்தான் வருகிறது. இருபது வருஷக் குரலை, அரைமணி நேர நாடா அழித்துவிட்டிருந்தது.

அன்று இரவு வீட்டுக்கு வந்து, 1978-இல் வந்த கடைசிக் கேஸட்டைப் போட்டேன். "இப்படிக்கு உன் அம்மா" என்று முடிந்தது. கை பொத்தானுக்குப் போயிற்று, கறுப்பு லீடர் ஞாபகம் வந்தது, கையை எடுத்துக்கொண்டேன். நாடா ஓடிற்று. வெறும் இரைச்சல். யந்திரத்தை நிறுத்த வேண்டிய எதிர் வீட்டுப் பெண் எழுந்து போய்விட்டாள் போலிருக்கிறது. தூரத்தில் மில் சங்கு ஊதிற்று. பிறகு, நான் ஐந்து வருஷமாக இழந்துவிட்டதாக எண்ணியிருந்த குரல், எந்த அலங்காரமும் இல்லாமல், வாசற்படியிலிருந்து பேசுவதுபோலப் பேசிற்று:

"நின்னுடுச்சாடி?... அந்தக் குளுருல புள்ள இன்னா சாப்பிடறானோ, தெரியல."

அதற்குப் பின் ஒரு டக் சப்தம். நாடா நின்றது.

அம்மா பேசியனுப்பிய ஏழெட்டுக் கேஸட்டுகளில் அசைகிற இடம் அது ஒன்றுதான்.

அந்த வாக்கியத்தைப் பல தடவை போட்டுக் கேட்கக் கூடாது என்று எனக்கு நானே ஒரு நியமம் வைத்துக்கொண்டேன். கேட்டுக் கேட்டு அதுவும் தேய்ந்துவிடும் என்ற பயம். வருஷத்தில் ஒரு நாள், திதியன்று மட்டும். சில வருஷங்களுக்குப் பிறகு ஒரு விசித்திரத்தைக் கவனித்தேன். அம்மா "நின்னுடுச்சாடி" என்று சொல்வதற்கு இரண்டு மூன்று விநாடிகளுக்கு முன்னால், இரைச்சலுக்குள், அதே வார்த்தை மிக மெல்லியதாகக் கேட்டது. முதலில் காதின் கோளாறு என்றே எண்ணினேன். லாபரட்டரியில் ஒலிப் பிரிவில் இருந்த நண்பர் விளக்கினார். நாடா விநாடிக்கு ஐந்து சென்டிமீட்டருக்குச் சற்றுக் குறைவாக ஓடுவது. சுருண்டு கிடக்கையில் ஒரு சுற்று அடுத்த சுற்றின்மேல் அழுந்திக் கிடக்கிறது. வருஷக் கணக்கில் அப்படிக் கிடந்தால் ஒரு சுற்றின் காந்தம் பக்கத்துச் சுற்றில் மெல்லப் பதிந்துவிடும். அந்தப் பக்கத்துச் சுற்று மௌனமாக இருந்தால் காதுக்கு எட்டும். முன்னெதிரொலி என்று அதற்குப் பெயர். சொல்லப் போகிற வார்த்தை, சொல்லுமுன்னே வந்து எட்டிப் பார்க்கிறது. கிடக்கக் கிடக்க அது கொஞ்சம் கொஞ்சமாக வலுக்கும் என்றார். அவரைப் பொறுத்தவரை அது ஒரு குறை. நான் தலையாட்டிவிட்டு வந்தேன்.

மார்க்கர் பிலிமோடு நிற்கவில்லை. 1997-இல் 'லெவல் ஃபைவ்' என்ற படத்தில், ஒகினாவா யுத்தத்தை ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டாக மறுபடி நடத்திப் பார்க்க முயலும் ஒரு பெண்ணைக் காட்டினார். அந்த விளையாட்டோ சரித்திரத்தை மாற்ற மறுத்துவிடுகிறது. அதில், ஸைப்பான் தீவின் செங்குத்துப் பாறையிலிருந்து குதிக்கப் போகிற ஒருத்தி, யுத்தச் செய்திப் படத்தின் காமிராவைத் திரும்பிப் பார்க்கிறாள். காமிரா இராவிட்டால் அவள் குதித்திருப்பாளா என்ற கேள்வியை அவர் எழுப்புகிறபோது, சந்தைக்காரியின் பார்வையைக் கொண்டாடியவரா இவர் என்று நான் திகைத்தேன். அதே வருஷம், ஐம்பது வருஷ போட்டோக்களையும் அஞ்சலட்டைகளையும் ஒரு கம்ப்யூட்டர் தட்டில் அடைத்து, ஞாபகத்தை ஒரு தேசப்படமாக வரைந்து, அதற்கு 'இம்மெமரி' என்று பெயர் வைத்தார். அந்தப் பூனை ஆங்காங்கே வந்து வழிகாட்டும். நானும் ஒரு தட்டு வாங்கினேன். மகனுடைய மாக்கின்டோஷில் இரவு வெகுநேரம் அலைந்திருக்கிறேன். மாக்கின்டோஷ் மாறிற்று, தட்டு ஓட மறுத்துவிட்டது. இப்போது அது அலமாரியில் கண்ணாடிபோலப் பளபளத்துக்கொண்டு இருக்கிறது. என் முகம்தான் தெரிகிறது. பழைய நெகட்டிவில் காடி நாற்றம் வந்தால் அது அழுகுகிறது என்று எங்களுக்குத் தெரியும். இந்தத் தட்டுக்கு நாற்றமும் கிடையாது.

2012-ஆம் வருஷம் ஜூலை 29-ஆம் தேதி, பிறந்த அதே தேதியில், 91 வயது பூர்த்தியான நாளில் அவர் காலமானார். பத்திரிகைகள் பிரசுரிக்கப் படம் தேடி அலைந்திருக்க வேண்டும். சில பூனையையே போட்டன.

அந்த வருஷம் இலையுதிர் காலத்தில், கேஸட்டுகள் எல்லாவற்றையும் புதிய முறையில் மாற்றிவைத்துக்கொள்ள வேண்டும் என்று மகன் வற்புறுத்தினான். அதற்கென்று இருந்த ஒரு கடையில் கொடுத்தோம். கடைக்காரப் பையன் சிரத்தையுள்ளவன்; இரைச்சலை வடிகட்டி, குரலைத் துலக்கி, அழகான உறையில் போட்டுக் கொடுத்தான். வீட்டுக்கு வந்து கேட்டேன். அம்மா கோயில் மணிபோலப் பேசினாள். "இப்படிக்கு உன் அம்மா" என்பதோடு முடிந்துவிட்டது. மறுநாள் மூலக் கேஸட்டை எடுத்துக்கொண்டு மறுபடியும் போனேன். பேச்சு முடிந்தபின் வெறும் சப்தம்தானே இருந்தது, ஆகையால் வெட்டிவிட்டேன் என்றான். அவன் தமிழறியாதவன், அவன்மேல் குற்றமில்லை. அந்தச் சப்தம்தான் எனக்கு வேண்டும் என்றேன். சரி, ஆனால் அதில் நாடாக் கோளாறு இருக்கிறது, வார்த்தை இரட்டையாகக் கேட்கிறது, அதையாவது எடுத்துவிடட்டுமா என்றான். வேண்டாம், ஒன்றையும் தொடாமல் அப்படியே கொடு என்றேன். எழுபது வயதை நெருங்குகிற கிழவர்களிடம் காட்டுகிற பொறுமையோடு அவன் என்னைப் பார்த்தான். எனக்கு அப்போது 61-தான்.

அன்றைக்குத் திதி இல்லை. இருந்தும் நியமத்தை மீறிப் போட்டுக் கேட்டேன். அம்மா 'எழுதி' முடித்தாள். இரைச்சல். மில் சங்கு ஊதி அடங்கிற்று. பிறகு, சுவருக்கு அப்பாலிருந்து வருகிற மாதிரி, அவள் இன்னும் பேசத் தொடங்காதபோதே, ஒரு "நின்னுடுச்சாடி". முப்பத்துநாலு வருஷத்துக்குக் கொஞ்சம் வலுத்துத்தான் இருந்தது. நான் இரண்டு விநாடி காத்திருந்தேன்.